தனனாவுக்குள் ஒரு காதல்: சினிமாப் பாட்டு எழுதப்படும் விதம்

தமிழ் சினிமாவின் காதல் பாட்டு பெரும்பாலும் சொல்லில் தொடங்குவதில்லை. இசையமைப்பாளர் ஆர்மோனியத்தில் விரலை வைத்து "தன்ன தானனா" என்று பாடிக் காட்டும்போதே அது பிறந்துவிடுகிறது. காதலைச் சொல்லும் வரிகள் அதற்குப் பிறகுதான் வரும். நிலைச்சட்டத்தைச் சுவரில் பதித்துவிட்டு, அந்த அளவுக்குக் கதவு செய்யச் சொல்வது போன்ற வேலை அது. கதவு ஒரு நூல் கூடினாலும் மூடாது, ஒரு நூல் குறைந்தாலும் காற்று புகும்.

அந்தத் "தன்ன தானனா"வுக்குத் தத்தகாரம் என்று பெயர். மெட்டில் எங்கே குறுகிய ஓசை, எங்கே நீண்ட ஓசை, எங்கே அழுத்தம் என்பதைப் பொருளில்லாத அசைகளால் காட்டும் வரைபடம் அது. கவிஞர் முதலில் எழுதிக் கொடுக்க, அதற்கு மெட்டமைப்பதும் உண்டு. அதைப் பாட்டுக்கு மெட்டு என்பார்கள். ஆனால் பல பத்தாண்டுகளாக அதிகம் நடப்பது மெட்டுக்குப் பாட்டுதான். ஒரு காதல் பாட்டில் ஏன் "நிலவு" என்று வராமல் "வெண்ணிலா" என்று வந்தது, ஏன் "மனம்" போய் "நெஞ்சம்" வந்தது என்பதற்கெல்லாம் பதில் பெரும்பாலும் இந்தத் தத்தகாரத்தில்தான் இருக்கிறது.

மாத்திரைக் கணக்கு

கண் இமைக்கும் நேரம் அல்லது விரல் நொடிக்கும் நேரம் ஒரு மாத்திரை என்று தொல்காப்பியம் வகுத்து வைத்திருக்கிறது. பாட்டு எழுத இதிலிருந்து இரண்டே அளவுகளை எடுத்துக்கொண்டால் போதும். தனிக் குறில் 1 மாத்திரை. நெடில் 2 மாத்திரை. குறிலுக்குப் பின்னால் ஒற்று வந்தால் இலக்கணத்தில் ஒன்றரை. சந்தக் கணக்கில் அதையும் 2 என்றே வைக்கிறோம். நெடிலும் ஒற்றும் சேர்ந்தாலும் 2தான்.

இதை வைத்து "தன்ன தானனா"வை அளந்து பாருங்கள். தன் (2), ன (1), தா (2), ன (1), னா (2). மொத்தம் 8. இதையே இருமுறை பாடினால் 16 மாத்திரையில் ஒரு வரி. நிமிடத்துக்கு 90 தட்டு ஓடும் நாலு தட்டுத் தாளத்தில், தட்டுக்கு இரண்டு மாத்திரை என்று வைத்தால், 16 மாத்திரை வரி இரண்டு ஆவர்த்தனத்தில், அதாவது தாளத்தின் இரண்டு முழுச் சுற்றில், முடியும். நேரத்தில் சொன்னால் ஐந்தே கால் விநாடிக்குச் சற்று அதிகம். பல்லவியின் ஒரு வரிக்குக் கவிஞருக்குக் கிடைக்கும் மொத்த இடம் இவ்வளவுதான்.

இந்த இடத்துக்குள் மாலை நேரத்துக் காதலர்களை உட்கார வைக்க வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். ஒரு முயற்சி:

அந்தி வானமே நின்று போகுமா
வந்த பார்வையே வார்த்தை ஆகுமா

அந்-தி என்பது தன்-ன. வா-ன-மே என்பது தா-ன-னா. நின்-று, போ-கு-மா என்பவையும் அப்படியே. "நின்று" என்பதன் கடைசி எழுத்து குற்றியலுகரம். ஏட்டில் அதற்கு அரை மாத்திரைதான், மெட்டில் ஒரு முழு மாத்திரை கிடைக்கும். "வார்த்தை"யில் உள்ள தை ஏட்டில் நெடில். ஆனால் ஐகாரம் சொல்லின் நடுவிலும் கடைசியிலும் குறுகி ஒலிக்கும் என்பதால் பாட்டில் 1 மாத்திரை இடத்தில் அது சரியாக உட்காரும். ஐகாரக் குறுக்கம் என்று பள்ளியில் மனப்பாடம் செய்தோமே, அது உண்மையில் பயன்படும் இடம் இது.

ஒரு சின்னச் சிக்கலையும் கவனியுங்கள். "வார்த்" என்பதில் நெடிலுக்குப் பின் இரண்டு ஒற்றுகள். கணக்கு 2தான் என்றாலும் நாக்குக்கு வேலை அதிகம். 90 வேகத்தில் இது தடங்கல் இல்லாமல் வரும். இதே மெட்டை 140 வேகத்துக்குத் தள்ளினால் பாடகருக்கு "வாத்தை" என்றுதான் வாயில் வரும். வேகம் கூடிய மெட்டுக்கு எழுதும்போது ர்த், ர்ப், ழ்க் போன்ற இரட்டை ஒற்றுகளைத் தவிர்ப்பது நல்லது.

இனி, பொருந்தாத வரிகள். "அழகிய வானமே" என்று எழுதினால் அ-ழ-கி-ய நாலு மாத்திரை. மூன்று மாத்திரை இடத்தில் ஒன்று பிதுங்கும். பாடகர் "அழ்கிய" என்று விழுங்கிச் சமாளிப்பார், கேட்பவருக்குச் சொல் புரியாது. "நின்று ஆடுமா" என்று எழுதினால் காகிதத்தில் சரியாகத் தெரியும். பாடும்போது "நின்றாடுமா" என்று புணர்ந்து 7 மாத்திரையாகிவிடும். ஒன்று குறையும். "வந்த சூரியன்" என்றால் கணக்கு சரி, ஆனால் கடைசி அசை "யன்" என்று மூடுகிறது. மெட்டு அங்கே "னா" என்று திறந்த நெடிலைக் கேட்கிறது. அந்த இடத்தைப் பாடகர் நீட்ட வேண்டியிருந்தால் "யன்ன்ன்" என்று மூக்கில்தான் நீட்ட முடியும். மாத்திரை எண்ணிக்கை மட்டும் சரியாக இருந்தால் போதாது என்பதற்கு இது நல்ல உதாரணம். நீளும் சுரத்தின் கீழே நீளக்கூடிய எழுத்து இருக்க வேண்டும்.

"மாலை வானமே" என்று தொடங்கினாலும் எண்ணிக்கை பொருந்தும். மா 2, லை 1. ஆனால் "அந்" என்பதில் ஒற்றின் தட்டு இருக்கிறது, "மா"வில் இல்லை. தபேலாவின் முதல் தட்டோடு சொல் சேர்ந்து விழ வேண்டுமென்றால் "அந்தி". மிதந்து தொடங்க வேண்டுமென்றால் "மாலை". இரண்டாவதை எடுத்தால் அடுத்த வரியின் எதுகையும் மாறியாக வேண்டும். "வந்த" போய், "சோலை", "வேலை" என்று தேட வேண்டும். ஒரு சொல்லை மாற்றினால் பாதிப் பல்லவி அவிழும்.

மனமா, நெஞ்சமா, இதயமா

காதல் பாட்டில் திரும்பத் திரும்ப வரும் சொற்கள் ஐம்பதுக்குள் அடங்கும் என்று குறை சொல்வார்கள். குறைதான். ஆனால் தமிழில் அந்த ஐம்பதுக்கும் பல அளவுகளில் மாற்றுச் சொற்கள் இருக்கின்றன. மெட்டுக்கு எழுதுபவரின் உண்மையான கைமுதல் அதுதான்.

நிலவையே எடுத்துக்கொள்ளுங்கள். மதி 2 மாத்திரை. நிலா 3, நிலவு 3. திங்கள் 4, அம்புலி 4. வெண்ணிலா 5. நிலாவும் நிலவும் ஒரே அளவுதான் என்றாலும் நிலா திறந்து நீளும், நிலவு உதடு குவிந்து முடியும். வரி முடிவில் ராகத்தை இழுக்க வேண்டுமென்றால் நிலாதான் உதவும். மேலே உள்ள நம் வரியில் "வானமே" இருக்கும் இடத்தில் "வெண்ணிலா" அப்படியே பொருந்தும்: "அந்தி வெண்ணிலா நின்று போகுமா." அதே இடத்தில் "திங்களே" என்றாலும் 5தான். அது கொஞ்சம் இலக்கிய வாசனை அடிக்கும். பாடும் பாத்திரம் யார் என்பதைப் பொறுத்து அது சரியாகவோ துருத்திக்கொண்டோ தெரியும்.

மனம் 3 மாத்திரை, உள்ளம் 4, நெஞ்சம் 4, இதயம் 4. இங்கே ஒரு ஆபத்து ஒளிந்திருக்கிறது. மெட்டின் முதல் சுரம் நீளமாக இருக்கும் இடத்தில் "மனம்" போட்டால் பாடகர் அந்த முதல் குறிலை நீட்டியே ஆக வேண்டும். நீட்டினால் அது "மானம்" ஆகிவிடும். காதலியிடம் மனத்தைத் தருவதாக எழுதப்பட்ட வரி மானத்தைத் தருவதாகக் கேட்கும். விடு வீடாவதும், படம் பாடமாவதும், கல் காலாவதும் இப்படித்தான். நெஞ்சம், உள்ளம் இரண்டும் முதல் அசையிலேயே ஒற்று கொண்டவை என்பதால் அங்கே பாதுகாப்பானவை.

சொல்லை உடைக்கும் மெட்டு இன்னொரு சிக்கல். இசையில் ஓர் இடைவெளி விழும் இடத்தில் சொல் முடியாமல் ஓடினால், "தாமரை" என்பது "தா... மரை" என்று பிரிந்து, ஒரு மானைக் கொடு என்று கேட்பதுபோல் ஆகிவிடும். மெட்டு எங்கே மூச்சு விடுகிறதோ அங்கே சொல்லும் முடிய வேண்டும். புதிதாக எழுதுபவர்கள் அதிகம் தவறுவது இதில்தான். காகிதத்தில் படித்துப் பார்த்தால் இந்தத் தவறு கண்ணில் படாது, பாடிப் பார்த்தால்தான் காதில் விழும்.

உச்சத்தில் நிற்கும் சுரத்துக்கு ஆ, ஓ போன்ற திறந்த உயிர்கள் ஏற்றவை. ஈயும் ஊவும் வாயைக் குறுக்குவதால் மேல் சட்ஜத்தைத் தாண்டியதும் குரல் இறுகும். மெல்லினமும் இடையினமும் காதல் பாட்டில் மிகுந்து வருவதைப் பலர் வழக்கம் என்று நினைக்கிறார்கள். ம, ன, ல, ழ, வ ஆகியவற்றில் ஓசை அறுபடாமல் தொடரும். க், ட், ப் வந்தால் ஒரு கணம் ஓசை அடைபடும். இழைந்து போகும் மெட்டுக்கு முன்னவை ஒத்துழைக்கும் என்பதே காரணம்.

வடிவம் எங்கிருந்து வந்தது

1931 அக்டோபர் 31 அன்று வெளியான 'காளிதாஸ்' தமிழின் முதல் பேசும் படம். அந்தப் பத்தாண்டின் படங்களில் பாட்டுகள் பத்துக் கணக்கில் இருந்தன. நாடக மேடையிலிருந்து அப்படியே இறங்கி வந்த பழக்கம் அது. பாடத் தெரிந்தவரே நடிகர். கேமரா ஓடும்போதே பாட வேண்டும். வாத்தியக்காரர்கள் சட்டகத்துக்கு வெளியே மறைந்திருந்து வாசிப்பார்கள். பாட்டின் உடல் கர்நாடகக் கீர்த்தனையின் உடல்: பல்லவி, அனுபல்லவி, சரணம். 1944-இல் வந்து மூன்று தீபாவளிகள் ஓடிய 'ஹரிதாஸ்' படத்தில் எம். கே. தியாகராஜ பாகவதர் பாடிய 'மன்மத லீலையை வென்றார் உண்டோ' அந்தக் காலத்தின் காதல் பாட்டுக்குச் சரியான அடையாளம். எழுதியவர் பாபநாசம் சிவன், ராகம் சாருகேசி. கீர்த்தனைகளும் இயற்றிய அவரே திரைக்கும் எழுதினார். சபையில் பாடும் ராகமும் கொட்டகையில் கேட்கும் காதலும் ஒரே கையிலிருந்து வந்தன. 1976-இல் கே. பாலசந்தர் தன் படம் ஒன்றுக்கு 'மன்மத லீலை' என்று பெயர் வைத்தார். அந்தச் சொற்கள் முப்பது ஆண்டு கழித்தும் எல்லோர் நாவிலும் இருந்தன.

பாட்டைச் சுருக்கியதில் இசைத்தட்டுக்கும் பங்கு உண்டு. நிமிடத்துக்கு 78 சுற்று சுழலும் பத்து அங்குலத் தட்டின் ஒரு பக்கத்தில் மூன்று நிமிடத்துக்குச் சற்று மேல்தான் பதியும். அதைத் தாண்டினால் பாட்டை இரண்டாக வெட்டி இரு பக்கங்களில் போட வேண்டும். நீண்ட ஆலாபனையும் நிரவலும் அதில் அடங்கா. மெல்ல மெல்ல அனுபல்லவி பல பாட்டுகளில் கரைந்து, பல்லவியும் இரண்டு சரணங்களும் இடையிசையும் என்ற அமைப்பு நிலைத்தது.

இன்றைய பாட்டை அதே 90 வேகத்தில் ஆவர்த்தனக் கணக்கில் பிரித்தால் இப்படி இருக்கலாம்: முன்னிசை 8, திரும்பப் பாடுவதோடு பல்லவி 16, முதல் பிஜிஎம் (இடையிசை) 12, சரணம் 20, பல்லவி 8, இரண்டாம் பிஜிஎம் 12, சரணம் 20, முடிவுப் பல்லவி 8. ஆக 104 ஆவர்த்தனம், 4 நிமிடம் 37 விநாடி. இதில் புதிதாக எழுத வேண்டியது ஒரு பல்லவியும் இரண்டு சரணமும் மட்டுமே. இரண்டு சரணங்களுக்கும் மெட்டு ஒன்றே என்பதால் முதல் சரணத்தின் மாத்திரைக்கு அச்சாக இரண்டாவதும் நிற்க வேண்டும். முதல் சரணத்தைச் சிந்தித்து எழுதிவிட்டு இரண்டாவதில் சொல்வதற்கு எதுவும் இல்லாமல் திணறுவது அடிக்கடி நடக்கும். சொல்ல வந்ததில் பாதியை இரண்டாவதுக்கு மிச்சம் வைத்துக்கொண்டு தொடங்குவதே சரியான முறை.

பெயர் சொல்லாத காதல்

மெட்டோடு சேர்த்துக் கவிஞருக்குத் தரப்படுவது சிச்சுவேஷன். யார் பாடுகிறார்கள், எங்கே, பாட்டுக்கு முந்தைய காட்சியில் என்ன நடந்தது, பிந்தையதில் என்ன நடக்கப்போகிறது, இருவரும் நேரில் பாடுகிறார்களா, கனவா, பின்னணியில் மட்டும் ஒலிக்கிறதா. இதில் எது விடுபட்டாலும் வரி தவறான இடத்தில் நிற்கும். இன்னும் காதலைச் சொல்லாத இருவருக்கு "நம் வீடு" என்று எழுதிவிட்டுப் பிறகு அடிக்க நேரும்.

இவ்வளவு துல்லியமான காட்சிக்கு எழுதப்பட்டாலும் நல்ல காதல் பாட்டில் பாத்திரத்தின் பெயர் அநேகமாக வராது. அகத்திணையில் தலைவன் தலைவியின் பெயரைச் சுட்டிச் சொல்லக் கூடாது என்பது தொல்காப்பியம் சொல்லும் விதி. அந்த விதியைத் தெரிந்தோ தெரியாமலோ சினிமாவும் பெரிதும் காத்து வந்திருக்கிறது. அதனால்தான் படம் மறந்த பின்னும் பாட்டு கல்யாண மண்டபத்துக்கும் பேருந்துக்கும் போய்ச் சேர்கிறது. கேட்பவர் தன் பெயரை அங்கே வைத்துக்கொள்ள இடம் இருக்கிறது.

இரண்டு குரல், ஒரு மெட்டு

டூயட்டில் யாரும் வெளியே பேசாத ஒரு கணக்கு உண்டு. ஆண் குரலுக்கு வசதியான சுருதி பொதுவாக 1 முதல் 2½ கட்டை (ஆர்மோனியக் கட்டையை வைத்துச் சொல்லும் சுருதி அளவு). பெண் குரலுக்கு 4½ முதல் 6. ஒன்றுக்கும் ஐந்துக்கும் இடையில் ஏழு அரைச்சுரம், அதாவது சட்ஜத்திலிருந்து பஞ்சமம் வரையுள்ள தூரம். 1 கட்டையில் அமைத்த மெட்டைப் பெண் அப்படியே பாடினால் கீழ் ஸ்தாயியில் குரல் காற்றாகிவிடும். 5 கட்டையில் அமைத்தால் ஆண் கழுத்து நரம்பு புடைக்கப் பாட வேண்டும்.

தப்பிக்கச் சில வழிகள் உண்டு. நடுவில் ஒரு சுருதியை எடுத்து, ஆணை மேல் பகுதியிலும் பெண்ணைக் கீழ்ப் பகுதியிலும் பாட வைக்கலாம். பெண்ணுக்குரிய வரிகளுக்கு அதே ராகத்தில் வேறு மெட்டு தரலாம். பிஜிஎம்மின் முடிவில் சுருதியையே நகர்த்தி, சரணத்தை அவருக்கு ஏற்ற இடத்தில் தொடங்கலாம். பிடித்த டூயட்டில் பெண் குரல் நுழையும் இடத்தில் மெட்டு கொஞ்சம் திரும்பினால், அது அழகுக்காக மட்டுமல்ல, குரலுக்காகவும்தான்.

ஒலிப்பதிவில் நடப்பது

நடிப்பவர் ஒருவர், பாடுபவர் வேறொருவர் என்ற பின்னணி முறைக்குத் தமிழில் தொடக்கமாகச் சொல்லப்படும் படம் 1938-இன் 'நந்தகுமார்'. அதன் பிறகு பல பத்தாண்டுகள் பாடகர்களும் வாத்தியக் குழுவும் ஒரே கூடத்தில், ஒரே நேரத்தில், தொடக்கம் முதல் முடிவு வரை நிற்காமல் வாசித்தார்கள். இரண்டாம் சரணத்தின் கடைசி வரியில் ஒரு வயலின் வில் தவறினால் டேக் வீண். மறுபடி முதலிலிருந்து. அதனால் ஒத்திகை நீண்டது, எல்லோருக்கும் பாட்டு முழுதும் மனத்தில் இருந்தது, இரு பாடகர்களும் ஒருவர் மூச்சை ஒருவர் பார்த்துப் பாடினார்கள்.

பல தடங்களில் தனித்தனியே பதியும் வசதி வந்ததும் நிலைமை மாறியது. முதலில் ஒரு டிராக் பாடகர் வழிகாட்டியாகப் பாடி வைப்பார். பிறகு ஆண் குரல் ஒரு நாள், பெண் குரல் வேறொரு நாள். தாளம் காட்டும் கிளிக் ஓசை காதில் கேட்டுக்கொண்டிருக்க, தவறிய ஒரு சொல்லை மட்டும் திருத்தலாம். 1992-இல் 'ரோஜா'வோடு ஏ. ஆர். ரகுமான் வந்தபோது இந்த முறையும் கணினி வழி ஒலிச்சேர்க்கையும் தமிழ்ப் பாட்டின் ஒலியையே வேறாக்கின. நுணுக்கம் கூடியது. கூடவே ஒரு புதிய தவறும் வந்தது. இருவரும் சந்திக்காமலே பாடுவதால், ஒருவர் "விழி" என்று ழகரம் சுத்தமாகச் சொல்ல மற்றவர் "விளி" என்பார். ஒருவர் "மா"வை இரண்டு மாத்திரை நீட்ட, மற்றவர் ஒன்றரையில் விடுவார். சேர்ந்து பாடும் கடைசிப் பல்லவியில் இது பல்லிளிக்கும். முதலில் பாடியவரின் பதிவை இரண்டாமவர் காதில் ஒலிக்க விட்டுப் பாட வைப்பதே மருந்து.

மூச்சையும் எழுதும்போதே நினைக்க வேண்டும். நம் இரண்டு வரிகளிலும் 32 மாத்திரை இடைவெளியின்றி ஓடுகின்றன, கிட்டத்தட்ட 10.7 விநாடி. ஒரே மூச்சில் முடியும், ஆனால் கடைசி "ஆகுமா" தேய்ந்துவிடும். அனுபவமுள்ள பாடகர் "போகுமா"வின் மாவைக் கால் மாத்திரை முன்பே விட்டு அங்கே மூச்சு எடுத்துக்கொள்வார்.

பாட்டு வெளியே போன கதையில் ஒரு திருப்பத்தைச் சொல்லியாக வேண்டும். 1952-இல் தகவல் ஒலிபரப்பு அமைச்சரான பி. வி. கேஸ்கர் காலத்தில் அகில இந்திய வானொலியிலிருந்து சினிமாப் பாட்டு ஒதுக்கப்பட்டது. தமிழ் நேயர்கள் இலங்கை வானொலிப் பக்கம் முள்ளைத் திருப்பினார்கள். 1957 அக்டோபரில் விவித் பாரதி தொடங்கிய பிறகே சினிமாப் பாட்டுக்கு இங்கே மீண்டும் இடம் கிடைத்தது. வரியை எழுதியவருக்கும் மெட்டமைத்தவருக்கும் பாட்டின் பிற்காலப் பயன்பாட்டில் ராயல்டி பெறும் உரிமையை 2012-இன் பதிப்புரிமைத் திருத்தச் சட்டம்தான் உறுதி செய்தது. அந்த உரிமையை இனித் தயாரிப்பாளருக்கு எழுதிக் கொடுத்துவிட முடியாது.

நீங்களே ஒரு வரி

பிடித்த காதல் பாட்டு ஒன்றின் சொற்களை நீக்கிவிட்டுத் தனனாவில் முணுமுணுத்துப் பாருங்கள். நெடில் விழும் இடங்களில் விரலை இரண்டு மாத்திரை அழுத்துங்கள். வரைபடம் தானாகக் கிடைக்கும். பிறகு நம் பல்லவியின் மூன்றாம் வரிக்கு இந்தத் தத்தகாரத்தை எடுத்துக்கொள்ளுங்கள்:

தனன தானனா தனன தானனா

தனன என்பது மூன்று குறில். "நிலவு", "கனவு", "இரவு" எல்லாம் நேராகப் பொருந்தும். "விழியில்" என்று தொடங்க ஆசைப்பட்டால் வி-ழி-யில், நாலு மாத்திரை, ஒன்று கூடுதல். ஆனால் அடுத்த சொல் உயிரெழுத்தில் தொடங்கினால் அந்த ல் தாவி அதோடு ஒட்டிக்கொள்ளும். "விழியில் ஆடுதே" என்று எழுதி, வி-ழி-யி லா-டு-தே என்று பாடினால் 3, 5 என்று அளவு மயிரிழை பிசகாமல் நிற்கும். பின்பாதிக்கு இன்னும் ஒரு தனன தானனா மீதம் இருக்கிறது. ழி எதுகைக்கு "மொழியில்", "வழியில்" இரண்டும் கைவசம் இருக்கின்றன. இரண்டுக்கும் பின்னால் உயிரெழுத்தில் தொடங்கும் சொல்லாகத் தேடுங்கள்.